கொய்னா, புழுங்கலரிசி, பதினான்கு ஊசி: வாசகர் கேள்வி பதில்

நீலகிரியின் நோய்களையும் மருந்துகளையும் பற்றிச் சென்ற இதழில் வெளியான கட்டுரையைப் படித்துவிட்டு வாசகர்கள் எழுதிய கேள்விகளுக்கு இங்கே பதில் தரப்படுகிறது. பதில் எழுதுபவர் குன்னூரில் வாழும் ஓய்வுபெற்ற நுண்ணுயிரியல் ஆசிரியை.

கேள்வி: அம்மா, என் தாத்தாவை இளவயதில் வெறிநாய் கடித்துவிட்டதாம். மேட்டுப்பாளையத்தில் மலை ரயில் ஏறிக் குன்னூருக்கு வந்து, தொப்புளைச் சுற்றிப் பதினான்கு ஊசி போட்டுக்கொண்ட கதையைக் கடைசிக் காலம் வரை சொல்லிக்கொண்டிருந்தார். ஏன் வயிற்றில் போட்டார்கள்? ஏன் பதினான்கு? ஆட்டு மூளையிலிருந்து எடுத்த மருந்து என்பாரே, அது உண்மையா?
(இல்லத்தரசி, காரமடை)

பதில்: தாத்தா சொன்னது உண்மைதான். வெறிநாய்க்கடிக் கிருமியைக் கண்ணாடிக் குழாயில் வளர்க்கும் வித்தை அன்றைக்குக் கைவரவில்லை. அது உயிருள்ள நரம்புத் திசுவில் பெருகுவது. ஆகையால் தடுப்பு மருந்து வேண்டுமென்றால் ஏதாவதொரு விலங்கின் மூளையோ தண்டுவடமோ வேண்டியிருந்தது. பாரிஸில் லூயி பாஸ்டியர் முயலைப் பயன்படுத்தினார். நோய் கண்டு இறந்த முயலின் தண்டுவடத்தைக் குடுவைக்குள் நூலில் தொங்கவிட்டு, ஈரத்தை உறிஞ்சும் பொருளை அடியில் போட்டு வைத்தால், நாளாக ஆகக் கிருமியின் வீரியம் தணிந்துகொண்டே வரும். 1885 ஜூலை 6 அன்று, அல்சேஸ் பகுதியிலிருந்து தாய் அழைத்து வந்த ஜோசஃப் மைஸ்டர் என்ற ஒன்பது வயதுச் சிறுவனுக்கு முதல் ஊசி போடப்பட்டது. நன்றாக உலர்ந்த தண்டுவடத்தில் தொடங்கி, வீரியத்தை நாளுக்கு நாள் கூட்டிக்கொண்டே போய், பதினோரு நாளுக்குள் பதின்மூன்று ஊசிகள் போட்டார்கள். பையன் பிழைத்துக்கொண்டான். பாஸ்டியர் மருத்துவப் பட்டம் பெற்றவர் அல்லர் என்பதால், ஊசியைப் பிடித்த கை கிரான்ஷே என்ற மருத்துவருடையது.

இந்தியாவில் இந்தச் சிகிச்சைக்கென முதல் நிலையம் 1900-இல் இமயமலைச் சரிவிலுள்ள கசௌலியில் தொடங்கியது. அதற்கு முன் வசதி படைத்தவர்கள் பாரிஸுக்குக் கப்பல் ஏறினார்கள். மற்றவர்கள் விதியை நொந்தார்கள். கசௌலி வந்த பிறகும் தெற்கே கடிபட்டவர் நாட்டின் மறுகோடி வரை ரயிலில் போயாக வேண்டும். 1902-இல் லில்லி பாக்கன்ஹாம் வால்ஷ் என்ற ஆங்கிலேயப் பெண் வெறிநாய்க்கடியால் இறந்தபோதுதான், தென்னிந்தியாவுக்கும் ஒரு நிலையம் வேண்டும் என்ற கோரிக்கை வலுத்தது. ஹென்றி ஃபிப்ஸ் என்ற அமெரிக்கச் செல்வந்தர் அளித்த நன்கொடையின் ஒரு பகுதியைக் கொண்டு குன்னூரில், இன்றைய சிம்ஸ் பூங்காவுக்கு அருகில், 1907-இல் பாஸ்டியர் இன்ஸ்டிடியூட் என்ற அந்த நிலையம் திறக்கப்பட்டது. மலை ரயில் 1899-இலேயே குன்னூரை எட்டிவிட்டதனால் உங்கள் தாத்தாவைப் போன்றவர்களால் நேரே வந்து இறங்க முடிந்தது. ஓர் ஆங்கிலேயப் பெண் இறந்த பிறகுதான் அரசின் காதில் விழுந்தது என்பதை நான் வருத்தத்துடனேயே எழுதுகிறேன். அவருக்கு முன் இதே நோயில் நீரைக் கண்டு நடுங்கி இறந்த நம் ஊர்க்காரர்களின் பெயர் எந்தக் கல்லிலும் இல்லை.

ஆட்டு மூளைக்கு வருவோம். கசௌலியில் பணியாற்றிய டேவிட் செம்பிள் 1911-இல் முறையை மாற்றினார். நோய்க்கிருமி ஏற்றிய செம்மறியாட்டின் மூளையை அரைத்துக் கரைத்து, கார்பாலிக் அமிலம் என்று நாம் அறிந்த ஃபீனாலைச் சேர்த்துக் கிருமியைக் கொன்றுவிட்டால், அந்தக் கரைசல் மருந்தாகிவிடும். நாள்தோறும் முயலின் தண்டுவடத்தை உலர்த்த வேண்டியதில்லை. புட்டியில் அடைத்து வெளியூர் மருத்துவமனைகளுக்கு அனுப்பலாம். ஏழை நாட்டுக்கு ஏற்ற வழி அதுவாகத்தான் இருந்தது. வயிற்றில் போட்டதற்குக் காரணம் அளவு. ஒரு வேளைக்கு 5 மில்லி வரை ஏற்ற வேண்டும். இன்றைய ஊசி ஒரு மில்லியைத் தாண்டுவதில்லை. அவ்வளவு நீரைத் தோலுக்கடியில் தாங்கும் இடம், நாள்தோறும் இடம் மாற்றிக் குத்துவதற்கும் தோதான பரப்பு, வயிறுதான். எண்ணிக்கை காயத்தைப் பொறுத்து 7 முதல் 14 வரை போனது. கொல்லப்பட்ட கிருமி உடலின் எதிர்ப்பை மெதுவாகத்தான் எழுப்பும். கடிவாயில் புகுந்த கிருமியோ நரம்பு வழியே மூளையை எட்டப் பெரும்பாலும் சில வாரங்கள், சமயங்களில் சில மாதங்கள் எடுத்துக்கொள்ளும். அந்த இடைவெளிக்குள் அடிமேல் அடி அடித்து எதிர்ப்பை எழுப்பிவிட வேண்டும் என்பதே கணக்கு.

என் பத்து வயதில் சித்தப்பாவுக்கு இந்த ஊசி போட்டபோது நானும் உடன் போயிருக்கிறேன். அரிசி களைந்த நீரைப் போலக் கலங்கலாக இருந்த மருந்தைக் கண்ணாடிச் சிரிஞ்சில் உறிஞ்சி, முந்தைய நாள் குத்திய இடத்தைச் செவிலியர் விரலால் தடவிப் பார்த்து, தடிப்பில்லாத இடமாகத் தேடினார். எட்டாம் நாள் வாக்கில் அப்படி ஓர் இடம் கிடைக்கவே நேரமாயிற்று. சித்தப்பா சட்டை நுனியைப் பல்லில் கடித்துக்கொண்டு சுவரைப் பார்த்தபடி நின்றார்.

இந்த மருந்தைப் புகழும்போது அதன் தீங்கையும் அதே மூச்சில் சொல்லியாக வேண்டும். ஆட்டு மூளையின் நரம்புப் பொருளும் சேர்ந்தே உடலுக்குள் போவதால், சிலருடைய உடல் அதை எதிர்க்கப் புறப்பட்டுத் தன் நரம்பையே தாக்கிவிடும். கடியிலிருந்து தப்பியவர்கள் ஊசியால் கைகால் விழுந்து படுத்ததுண்டு, இறந்ததும் உண்டு. திசு வளர்ப்பு முறையில் தயாரான புதிய தடுப்பூசிகள் வந்து நெடுங்காலம் ஆன பின்பே, 2005-ஐ ஒட்டி இந்தியாவில் பழைய மருந்து முற்றாக நிறுத்தப்பட்டது. அவ்வளவு தாமதித்திருக்க வேண்டியதில்லை என்பது என் உறுதியான கருத்து. இப்போது கையில் நான்கைந்து தவணை ஊசிதான். காயம் ஆழமானால் கடிவாயிலேயே எதிர்ப்புப் புரத ஊசியும் போடுவார்கள். கடித்தவுடன் சோப்பும் ஓடும் நீருமாகக் கால்மணி நேரம் கழுவிவிட்டு அன்றைக்கே மருத்துவமனைக்குப் போய்விடுங்கள். மஞ்சளையும் சுண்ணாம்பையும் அப்பிக்கொண்டு காத்திருக்காதீர்கள்.

கேள்வி: ஊட்டியிலிருந்து கூடலூருக்குப் பஸ் ஓட்டுகிறேன். நடுவட்டத்தில் பழைய கட்டடத்தைக் காட்டிக் கொய்னா பாக்டரி என்றும், சீனாக்காரர்கள் அடைபட்ட ஜெயில் என்றும் பெரியவர்கள் சொல்கிறார்கள். காய்ச்சல் மருந்துக்கும் சீனாக்காரருக்கும் என்ன தொடர்பு?
(ஓட்டுநர், கூடலூர்)

பதில்: தொடர்பு கூலியில்லா உழைப்புதான். முறைக்காய்ச்சல் எனப்படும் மலேரியாவுக்கு உலகம் அறிந்த ஒரே மருந்தாக இருந்தது தென்னமெரிக்காவின் ஆண்டீஸ் மலையில் வளரும் சின்கோனா மரத்தின் பட்டை. அதிலிருந்து கொய்னா எனும் குயினைனை 1820-இல் பெல்லத்தியே, கவாந்து என்ற இரு பிரெஞ்சு வேதியியலாளர்கள் பிரித்தெடுத்தார்கள். இந்தியாவில் தன் படைகளையும் அதிகாரிகளையும் காய்ச்சலிலிருந்து காக்க ஆங்கிலேய அரசுக்கு அந்த மரம் தேவைப்பட்டது. ஆண்டீஸைப் போலவே குளிரும் மழையும் உள்ள இடமாக நீலகிரியைத் தேர்ந்தது.

கிளெமென்ட்ஸ் மார்க்கம் 1860-இல் பெரு நாட்டிலிருந்து கன்றுகளைக் கொண்டுவந்தார் என்றுதான் பள்ளிக்கூடத்தில் படித்திருப்போம். அவர் தம் கையால் கொண்டுவந்த கன்றுகள் பயண வெக்கையில் நைந்து பட்டுப்போயின. நம் மலையில் வேர் பிடித்தவை, ரிச்சர்ட் ஸ்ப்ரூஸ், ராபர்ட் கிராஸ் ஆகிய இருவரும் ஈக்வடார்க் காடுகளில் திரட்டி அனுப்ப, 1861-இல் ஊட்டிக்கு வந்து சேர்ந்த செம்பட்டைச் சின்கோனா வகை. அவற்றைத் தொட்டபெட்டாவிலும் நடுவட்டத்திலும் வளர்த்துப் பெருக்கியவர் ஊட்டி தாவரவியல் பூங்காவின் கண்காணிப்பாளர் மெக்கைவர். மரத்தை வெட்டாமல் பட்டையை மட்டும் நீளவாக்கில் கீற்றாக உரித்து, உரித்த இடத்தை ஈரப் பாசியால் போர்த்திக் கட்டிவைத்தால் மீண்டும் பட்டை வளரும். அப்படி வளர்ந்ததில் மருந்துச் சத்து முன்பைவிடக் கூடுதலாக இருக்கும் என்று கண்டவரும் அவரே. நடுவட்டப் பக்கம் இன்றும் ஆங்காங்கே நிற்கும் மரங்களில் ஒன்றின் பட்டையைக் கீறிப் பாருங்கள். வெளுத்த உட்புறம் காற்றுப் பட்டதும் சிவந்து வரும். நாக்கில் வைத்தால் அந்தக் கசப்பு அன்று இரவுச் சாப்பாடு வரை போகாது.

சீனர்கள் மலாக்கா நீரிணைக் குடியேற்றங்களில் தண்டிக்கப்பட்ட கைதிகள். மதராஸ் மாகாணச் சிறைகளுக்கு அனுப்பப்பட்டவர்களில் ஒரு பகுதியினரை நடுவட்டத்துக்குக் கொண்டுவந்து, சின்கோனாத் தோட்டத்தில் காடு வெட்டவும் பாதை போடவும் வைத்தார்கள். விடுதலையான சிலர் ஊர் திரும்பாமல் தமிழ்ப் பெண்களை மணந்து அங்கேயே தங்கிக் காய்கறி பயிரிட்டும் மாடு வளர்த்தும் வாழ்ந்ததை, தென்னிந்தியக் குலங்களைப் பற்றி எழுதிய எட்கர் தர்ஸ்டன் பதிவு செய்திருக்கிறார்.

அறிவியல் பக்கத்திலும் நடுவட்டத்துக்குப் பெருமை உண்டு. சின்கோனாப் பட்டையில் கொய்னா மட்டுமின்றி, குயினிடின், சின்கோனிடின், சின்கோனின் என்று அதன் உடன்பிறப்புகள் மூன்றும் இருக்கின்றன. செம்பட்டை மரத்தில் கொய்னா குறைவு, மற்றவை மிகுதி. 1866-இல் மதராஸ் அரசு ஒரு குழுவை அமைத்து, நான்கையும் தனித்தனியே காய்ச்சல்காரர்களுக்குக் கொடுத்துச் சோதித்தது. மற்ற மூன்றும் கொய்னாவுக்கு அவ்வளவொன்றும் சளைத்தவை அல்ல என்ற முடிவு வந்தது. மலிவான மருந்து ஏழைக்கும் கிடைக்கலாம் என்பதற்கு அந்த முடிவு வழிகாட்டியது. ஒரு மருந்தைப் பலருக்கு முறையாகக் கொடுத்து ஒப்பிட்டுப் பார்த்த சோதனைகளில் இதை மிக முக்கியமானதாக நான் கருதுகிறேன். நம் பாடநூல்களில் ஒரு வரிகூட இல்லாதது பெருங்குறை.

தோட்டம் பிற்பாடு நொடித்ததற்குக் காரணம் ஜாவா. சார்லஸ் லெட்ஜர் என்ற வணிகருக்காக மனுவேல் இன்க்ரா மமானி என்ற பொலிவியப் பழங்குடியினர் திரட்டிக் கொடுத்த உயர்ரக விதைகளை 1865-இல் டச்சுக்காரர்கள் வாங்கி ஜாவாவில் விதைத்தார்கள். அந்த மரங்களில் கொய்னா பத்து விழுக்காட்டையும் தாண்டியது; நம் செம்பட்டை மரம் போட்டியிட முடியவில்லை. மமானியை அந்நாட்டு அதிகாரிகள் பிடித்துச் சிறையிலடைத்து, அடித்தே சாகடித்தார்கள். கொய்னாவின் வரலாற்றை எழுதும்போது மார்க்கமுக்கு ஒதுக்கும் இடத்தில் பாதியாவது மமானிக்கு ஒதுக்க வேண்டும்.

கேள்வி: கொசுவால்தான் மலேரியா வருகிறது என்று ரொனால்ட் ராஸ் கண்டுபிடித்தது எங்கள் சீகூர்ப் பக்கத்தில்தான் என்று இங்குள்ள வழிகாட்டிகள் சுற்றுலாப் பயணிகளிடம் சொல்கிறார்கள். சரிதானா?
(விடுதிப் பணியாளர், மசினகுடி)

பதில்: கண்டுபிடித்த இடம் சீகூர் அன்று, செகந்திராபாத். ஆனால் சீகூர் இல்லாமல் அந்தக் கதை நிறைவு பெறாது என்பதை உங்கள் வழிகாட்டிகள் தாராளமாகச் சொல்லலாம்.

ராஸ் 1857-இல் அல்மோராவில் பிறந்தவர். இந்திய மருத்துவப் பணியில் இருந்த இராணுவ மருத்துவர். நோயாளியின் இரத்தத்தில் மலேரியாக் கிருமி இருப்பதை லாவரான் 1880-லேயே அல்ஜீரியாவில் கண்டு சொல்லிவிட்டார். அது ஓர் உடலிலிருந்து மற்றோர் உடலுக்கு எப்படிப் போகிறது என்பதுதான் தெரியவில்லை. கொசு வழியாக இருக்கலாம் என்று லண்டனிலிருந்து பேட்ரிக் மேன்சன் ஊக்கப்படுத்திக் கடிதம் எழுதிக்கொண்டிருந்தார். கொசு விழுந்து செத்த தண்ணீரைக் குடிப்பதனால் காய்ச்சல் வருகிறது என்பது மேன்சனின் ஊகம். ராஸ் ஈராண்டுகள் சாம்பல் நிறக் கொசுக்களையும் வரிக் கொசுக்களையும் ஆயிரக்கணக்கில் அறுத்துப் பார்த்தார். ஒன்றும் அகப்படவில்லை, ஏனென்றால் அவை மலேரியாவைச் சுமக்கும் கொசுக்களே அல்ல.

1897-இல் விடுப்பில் ஊட்டிக்கு வந்தவர், காய்ச்சலுக்குப் பேர்போன சீகூர் மலைச்சரிவுக்கு இறங்கிப் போனார். கொய்னா தின்றுகொண்டிருந்தும் அவருக்கே காய்ச்சல் கண்டது. ஆனால் அங்கேதான், சிறகில் புள்ளிகளோடு, வாலை வெளியே தூக்கிக்கொண்டு, சுவரில் வேறுவிதமாக உட்கார்ந்திருந்த சிறு கொசு ஒன்று அவர் கண்ணில் பட்டது. உங்கள் விடுதிச் சுவரிலேயே இந்த வேறுபாட்டைப் பார்க்கலாம்: சாதாரண வீட்டுக் கொசு சுவரோடு படிந்தாற்போல உட்காரும்; அனாபிலிஸ் கொசு தலையைத் தாழ்த்தி, உடலை ஆணி அறைந்தாற்போலச் சரிவாக நிறுத்தும்.

செகந்திராபாத் திரும்பிய ராஸ் அந்தப் புள்ளிச் சிறகுக் கொசுவையே தேடினார். ஹுசேன் கான் என்ற நோயாளியை, கடிக்கும் கொசு ஒன்றுக்கு ஓரணா வீதம் கொடுத்துக் கடிக்க வைத்தார். 1897 ஆகஸ்ட் 20 அன்று, அப்படி இரத்தம் குடித்த கொசு ஒன்றின் இரைப்பைச் சுவரில் மலேரியாக் கிருமியின் கருநிறத் துகள்களைக் கொண்ட உருண்டைகளைக் கண்டார். மறு ஆண்டு கல்கத்தாவில் பறவை மலேரியாவை வைத்து முழுச் சுற்றையும் நிறுவினார்; அங்கே அவருக்கு வலக்கையாக இருந்து கொசுக்களை வளர்த்துக் கொடுத்தவர் முகமது பக்ஸ். மனிதனுக்கு நோயைக் கொடுப்பது அனாபிலிஸ்தான் என்று முழுமையாக மெய்ப்பித்தவர்கள் இத்தாலியில் கிராஸியும் அவர் குழுவினரும். நோபல் பரிசு 1902-இல் ராஸுக்குக் கிடைத்தது. ஹுசேன் கானுக்குக் கிடைத்தது சில அணாக்கள். அவருடைய பெயரையாவது ராஸ் எழுதிவைத்தாரே என்று நான் ஆறுதல் கொள்வதுண்டு.

கேள்வி: எங்கள் பழங்குடிக் குடும்பங்களில் பலருக்கு அரிவாள் செல் இரத்தசோகை இருக்கிறது. இந்தியாவிலேயே முதலில் நீலகிரியில்தான் கண்டறிந்தார்கள் என்று முகாமில் சொன்னார்கள். விளக்க முடியுமா?
(நலவாழ்வுப் பணியாளர், பந்தலூர்)

பதில்: முகாமில் சொன்னது சரியே. 1910-இல் சிகாகோவில் ஹெரிக் என்ற மருத்துவர், ஒரு மாணவரின் இரத்தத்தில் அரிவாள் போல வளைந்த சிவப்பணுக்களைக் கண்டு எழுதியதிலிருந்து, இது ஆப்பிரிக்க வம்சாவளியினரின் நோய் என்றே வெகுநாள் நினைத்திருந்தார்கள். 1952-இல் லேமன், கட்புஷ் ஆகிய இருவர் நீலகிரியின் இருளர், குறும்பர், பணியர் முதலான மக்களின் இரத்தத்தைச் சோதித்து, அதே தன்மை இங்கும் இருப்பதை வெளியிட்டார்கள். அதே ஆண்டில் அஸ்ஸாம் தேயிலைத் தோட்டத் தொழிலாளரிடமும் அது கண்டறியப்பட்டது.

முந்தைய கேள்வியோடு இதற்கு நெருங்கிய உறவு உண்டு. தாய், தந்தை இருவரில் ஒருவரிடமிருந்து மட்டும் இந்த மரபணுவைப் பெற்றவருக்கு நோய் வருவதில்லை. மாறாக, உயிரைக் குடிக்கும் கடும் மலேரியாவிலிருந்து அது காக்கிறது என்று ஆண்டனி ஆலிசன் 1954-இல் காட்டினார். ராஸ் மூன்று நாள் தங்கவே அஞ்ச வேண்டிய அடிவாரக் காடுகளில் தலைமுறை தலைமுறையாகக் குடியிருந்தவர்களிடம் இந்த மரபணு தங்கியதற்கு அதுவே காரணம். தாய் தந்தை இருவரிடமும் இருந்தால், ஒவ்வொரு குழந்தைக்கும் நோய் வர நான்கில் ஒரு பங்கு வாய்ப்பு. முகாமில் இரத்தம் கொடுத்தவர்களுக்கு முடிவை எழுத்தில் கொடுங்கள். 1952-இல் விரலை நீட்டியவர்கள் நம் கட்டுரைகளில் வெறும் எண்ணாக நிற்கிறார்கள். உங்கள் முகாமிலும் அப்படி ஆகிவிடக் கூடாது.

கேள்வி: பச்சரிசிக்கும் புழுங்கலரிசிக்கும் உள்ள வேறுபாடு குன்னூரில் ஆராயப்பட்டது என்று ஒரு பயிற்சி வகுப்பில் கேள்விப்பட்டேன். மாணவர்களுக்குச் சொல்ல வேண்டும்.
(ஆசிரியை, கோத்தகிரி)

பதில்: அவசியம் சொல்லுங்கள். ஐதராபாத்தில் இன்று தேசிய ஊட்டச்சத்து நிறுவனம் என்ற பெயரில் விளங்கும் பெரிய நிறுவனம், 1918-இல் குன்னூர் பாஸ்டியர் இன்ஸ்டிடியூட்டின் ஓர் அறையில் 'பெரிபெரி விசாரணை' என்ற பெயரில் பிறந்தது. தொடங்கியவர் ராபர்ட் மெக்கரிசன். கில்கித் மலைப்பகுதியில் கழலை நோயை ஆராய்ந்தபோது, நோய்க்குக் காரணம் குடிநீரிலுள்ள அழுக்குதானா என்று அறிய அந்த அழுக்கைத் தாமே குடித்துப் பார்த்தவர் அவர். சிக்கன நடவடிக்கை என்று 1923-இல் அரசு அவருடைய ஆய்வை நிறுத்தியது. 1925-இல் மீண்டும் அனுமதித்தது.

பெரிபெரி கால் மரத்து, உடல் நீர் கோத்து, இதயம் தளர்ந்து ஆளை வீழ்த்தும் நோய். தீட்டிய அரிசியை மட்டும் தின்ற கோழிகளுக்கு அது போன்ற நோய் வருவதை ஜாவாவில் ஐக்மன் முன்பே கண்டிருந்தார். மதராஸ் மாகாணத்தில் ஒரு புதிர் இருந்தது. கோதாவரி, விசாகப்பட்டினம், கஞ்சம் என்று வடக்கு மாவட்டங்களில் பெரிபெரி. தமிழ் மாவட்டங்களில் அதே சோறு, ஆனால் நோய் அரிது. விடை அடுப்பங்கரையில் இருந்தது. வடக்கே ஆலையில் தீட்டிய பச்சரிசி; இங்கே புழுங்கல்.

வகுப்பில் இப்படிச் செய்து காட்டுங்கள். ஒரு படி நெல்லை ஊறவைத்து, உமி வெடிக்கும் வரை அவித்து, முற்றத்தில் உலர்த்துங்கள். ஊறும்போதும் அவியும்போதும் தவிட்டுப் படலத்திலுள்ள தயமின் என்ற வைட்டமின் நீரில் கரைந்து அரிசிமணியின் உள்ளே இறங்கிவிடும். மாவுப் பொருள் இறுகி அதைப் பிடித்துக்கொள்ளும். பிறகு ஆலையில் எவ்வளவு தீட்டினாலும் சத்தில் பெரும்பகுதி தங்கும். பச்சரிசியில் தவிட்டோடு அது மாட்டுத்தொட்டிக்குப் போய்விடும். நம் பாட்டிமார் நெல் அவித்தது மணிகள் நொறுங்காமல் இருக்கவும் அரிசி நாள்பட நிற்கவும்தான். அதே வேலை ஒரு நோயையும் வாசலோடு நிறுத்தியிருக்கிறது. அரிசியை ஐந்தாறு முறை களைவதும் வடித்த கஞ்சியைக் கொட்டுவதும் எஞ்சிய சத்தையும் போக்கும் என்பதைச் சேர்த்துச் சொல்லுங்கள்.

மெக்கரிசனின் எலிச் சோதனைகளும் புகழ்பெற்றவை. முழுக்கோதுமை ரொட்டி, பால், வெண்ணெய், முளைகட்டிய பயறு, காய்கறி என்ற சீக்கியர் உணவில் வளர்ந்த எலிகள் கொழுகொழுவென்று நோயின்றி இருந்தன. வெள்ளை ரொட்டியும் மார்கரினும் இனிப்புத் தேநீரும் தகர டப்பா இறைச்சியும் என்ற ஏழை ஆங்கிலேயர் உணவைத் தின்றவை நலிந்தன. ஒன்றையொன்று கொன்று தின்னவும் தொடங்கின. மதராஸ்காரரின் சோற்றுணவு தின்றவையும் மெலிந்தே இருந்தன. இந்தக் கடைசிச் செய்தியைத் தமிழரின் சாப்பாடே மட்டம் என்று சிலர் திரித்து எழுதுகிறார்கள். எலிக்குக் கொடுத்தது பாலும் பருப்பும் கீரையும் வாங்க வழியில்லாதவனின் தட்டு. அதில் தெரிந்தது வறுமை. ராகியும் சாமையும் வாற்கோதுமையும் விளைந்த உங்கள் கோத்தகிரிச் சீமையில், வெள்ளைச் சோறு மதிப்புக்குரியதாக ஏறி வந்த கதையை மாணவர்கள் தங்கள் வீட்டுப் பெரியவர்களிடம் கேட்டு எழுதலாம்.

மெக்கரிசனுக்குப் பின் 1935-இல் பொறுப்பேற்ற அய்க்ராய்டு, நம் தானியங்களிலும் காய்களிலும் உள்ள சத்துகளை அளந்து 1937-இல் அட்டவணையாக வெளியிட்டார். இன்று எந்த உணவியல் நிபுணர் கலோரிக் கணக்குச் சொன்னாலும் அதன் மூலக்கால் குன்னூரில் நட்டதுதான். ஆய்வகம் 1958-இல் ஐதராபாத்துக்கு இடம் மாறியது.

கேள்வி: கண்டுபிடித்தவர்களே எழுதிய நினைவுநூல்களை நம்பலாமா? தமிழில் பழைய மருத்துவ நூல்கள் உண்டா?
(கல்லூரி மாணவி, உதகை)

பதில்: நம்பலாம், ஆனால் வழக்கில் ஒரு தரப்பின் வாக்குமூலத்தைக் கேட்பது போல. ராஸ் 1923-இல் வெளியிட்ட நினைவுநூல் அருமையானது, ஆனால் கிராஸியோடு அவருக்கிருந்த பகை பக்கத்துக்குப் பக்கம் எரிகிறது. பாஸ்டியரோ தம் ஆய்வுக் குறிப்பேடுகளை எவருக்கும் காட்டக் கூடாது என்று குடும்பத்தாரிடம் சொல்லிவிட்டுப் போனார். பேரன் 1964-இல் அவற்றைப் பிரான்ஸின் தேசிய நூலகத்துக்கு அளித்தார். பின்னர் அவற்றைப் படித்த ஆய்வாளர்கள், மைஸ்டருக்குக் கையாண்ட முறை நாய்களிடம் சோதித்து முடிக்கப்படாத நிலையில் இருந்ததைக் கண்டார்கள். இதனால் பாஸ்டியர் சிறியவராகிவிடவில்லை. சாகப்போகும் பிள்ளையை எதிரே வைத்துக்கொண்டு அவர் பட்ட தவிப்பு அந்தக் குறிப்பேடுகளைப் படித்த பிறகுதான் எனக்கு விளங்கத் தொடங்கியது. ஆகவே நினைவுநூலைப் படிக்கும்போது அருகில் நாட்குறிப்பையும் எதிராளியின் கடிதத்தையும் வைத்துக்கொள்ளுங்கள்.

தமிழில் உண்டு. 1847-இல் யாழ்ப்பாணத்துக்கு வந்து மானிப்பாயில் பணியாற்றிய அமெரிக்க மருத்துவர் சாமுவேல் ஃபிஸ்க் கிரீன், உடற்கூறும் அறுவை மருத்துவமும் தமிழிலேயே கற்பித்தார். பாடநூல்களையும் கலைச்சொற்களையும் தமிழில் ஆக்கினார். தமிழில் மருத்துவம் கற்பிக்க முடியுமா என்று இன்றும் கேட்பவர்களுக்கு, 1860-களிலேயே முடிந்தது என்று நீங்கள் பதில் சொல்லலாம்.

கேள்வி: காலமான என் மாமனார் மலேரியா ஒழிப்புத் திட்டத்தில் வீடுவீடாக டி.டி.டி. தெளித்தவர். அவருடைய பணி டைரிகள் ஏழு இருக்கின்றன. ஓரங்கள் பூஞ்சணம் பூத்துவிட்டன. பழைய தாள்காரருக்குப் போடலாமா, வைத்துக்கொள்ளலாமா?
(தையற்கலைஞர், குன்னூர்)

பதில்: போட்டுவிடாதீர்கள், அம்மா. இத்தனை நேரம் நான் எழுதிய வரலாற்றில் ஹுசேன் கானும் முகமது பக்ஸும் ஒரு வரியாக நிற்பதற்குக் காரணம், அவர்கள் எழுதிய தாள் ஒன்றும் நம் கையில் இல்லை என்பதுதான். உங்களிடம் ஏழு டைரி இருக்கிறது.

மழை இல்லாத ஒரு நாளில், நிழலில், பக்கங்களைப் பிரித்துக் காற்றாட வையுங்கள்; வெயிலில் வைத்தால் மை வெளுத்துவிடும். மூக்கையும் வாயையும் துணியால் கட்டிக்கொண்டு, காய்ந்த மென்தூரிகையால் பூஞ்சணத்தைத் தட்டுங்கள். ஈரத்துணி கூடாது. பிளாஸ்டிக் உறையிட்டு ஒட்டுவதும் கூடாது. நம் ஊர் ஈரம் உள்ளேயே தங்கித் தாளை அரித்துவிடும். பருத்தித் துணியில் பொதிந்து, இராமபாணப் பூச்சி அண்டாமலிருக்க ஒரு துண்டு வசம்பும் வைத்து, சுவரை ஒட்டாத அலமாரியில் வையுங்கள். அதற்கு முன் ஒவ்வொரு பக்கத்தையும் செல்பேசியில் படமெடுத்துவிடுங்கள். வெற்றுப் பக்கத்தையும் விடாதீர்கள், எழுத்துப் பிழையையும் திருத்தாதீர்கள்.

மருந்து தெளித்த வீட்டுக் கதவில் தேதி எழுதிவிட்டு வருவது அந்தப் பணியாளர்களின் வழக்கம். டைரியில் ஊர்ப்பெயர் சுருக்கமாக இருக்கலாம், 'கீ.தோ.' என்றால் எந்தத் தோட்டம், எந்த வரிசை வீடு என்பதெல்லாம் உங்கள் மாமியாருக்குத் தெரிந்திருக்கும். ஒரு மாலை அவர் பக்கத்தில் உட்கார்ந்து, பக்கம் பக்கமாகக் காட்டிக் கேளுங்கள். அவர் சொல்வதைத் தனி நோட்டில், அவர் சொல்கிற சொல்லிலேயே, அன்றைய தேதி போட்டு எழுதிக்கொள்ளுங்கள். மருந்து வாடையோடு வீடு திரும்பிய சட்டையை எங்கே துவைத்தார் என்பதிலிருந்தே தொடங்கலாம்.